பப்பாபிலே: மனுப் போடாதவருக்கு ஒரு பெயர்

கேள்வி இது: பாப்பரசர் தேர்தல் வரும்போதெல்லாம் இத்தாலியப் பத்திரிகைகளில் ‘பப்பாபிலே’ என்று ஒரு சொல் அடிபடுகிறதே, அதற்குச் சரியான பொருள் என்ன? தமிழில் ‘பாப்பரசர் வேட்பாளர்’ என்று எழுதினால் போதாதா?

போதாது. ஆனால் நானும் ஒரு காலத்தில் அப்படித்தான் எழுதினேன். 2005 ஏப்ரலில் இரண்டாம் யோவான் பவுல் இறந்த வாரம். ஒரு சிறு பத்திரிகைக்காக ரோமிலிருந்து வந்த செய்திகளைத் தமிழாக்கிக் கொண்டிருந்தேன். ‘முன்னணி வேட்பாளர்கள் ஐவர்’ என்று தலைப்பு வைத்து, எங்கள் பங்கில், அதாவது எங்கள் ஊர்த் தேவாலயத்தில், ஓய்வாக இருந்த வயதான குருவானவரிடம் காட்டினேன். கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கிப் படித்துவிட்டுக் கேட்டார்:

“ஏப்பா, இதுல யாரு மனுப் போட்டா?”

“யாரும் போடல சாமி.”

“டெபாசிட்டு கட்டினாங்களா?”

“இல்ல சாமி.”

“அப்புறம் எப்படிப்பா வேட்பாளர்?”

அவர் கேலியாகக் கேட்டாலும் சொல்லின் உயிர்நாடியைத்தான் தொட்டார். வேட்பு என்றால் விருப்பம். வேட்பாளர் என்றால் ஒன்றை விரும்பி முன்வருபவர். பப்பாபிலே என்று சொல்லப்படுபவர் விரும்பவே கூடாது. விரும்பினாலும் வெளியே தெரியக்கூடாது. பாப்பரசரைத் தேர்ந்தெடுக்கும் உயர்நிலைக் குருக்கள்தான் கர்தினால்கள். தன் வாயால் ‘நான் பப்பாபிலே’ என்று ஒரு கர்தினால் சொன்னால் அந்த நிமிடமே அவர் பப்பாபிலே இல்லாமல் போய்விடுவார். அடுத்தவர் வாயில் மட்டுமே வாழும் சொல் அது. அதனால்தான் வேட்பாளர் என்பது சற்றே பிசகிய மொழிபெயர்ப்பு அல்ல, நேர் எதிரான மொழிபெயர்ப்பு.

சொல்லைப் பிரித்துப் பார்ப்போம். இத்தாலியத்தில் ‘பாப்பா’ என்றால் பாப்பரசர். ‘-பிலே’ என்பது ‘தக்க’, ‘கூடிய’ என்ற பொருள் தரும் விகுதி. ‘மஞ்சாரே’ என்றால் சாப்பிடுவது. ‘மஞ்சாபிலே’ என்றால் சாப்பிடத்தக்கது. இந்த விகுதி வழக்கமாக வினைச்சொல்லோடுதான் சேரும். பாப்பா என்பதோ பெயர்ச்சொல். ‘பாப்பரசர் ஆகு’ என்று ஒற்றை வினைச்சொல் இத்தாலியத்தில் கிடையாது. வினையே இல்லாமல் பெயரிலேயே விகுதியை ஒட்டவைத்துப் பிறந்த சொல் இது. இப்படி இன்னும் சில உண்டு. வண்டி போகத்தக்க சாலையை, வண்டி என்ற பெயரிலிருந்தே ‘கரொத்சாபிலே’ என்பார்கள். ஆனால் பப்பாபிலே தன் சாயலில் பிள்ளைகளையும் பெற்றிருக்கிறது. அமைச்சராகத் தக்கவர் ‘மினிஸ்த்ராபிலே’. இத்தாலியக் குடியரசுத் தலைவரின் மாளிகை குயிரினாலே. அங்கே குடியேறக்கூடியவர் என்று பேசப்படுபவர் ‘குயிரினாபிலே’.

உச்சரிப்பில் தமிழ் எழுத்து கொஞ்சம் தகராறு செய்யும். மூலத்தில் முதல் இரண்டும் வல்லோசை, மூன்றாவது மெல்லோசை. அழுத்தம் இரண்டாம் அசையில். ‘பபாபிலே’ என்று எழுதினால் நம் வாய் நடுவில் உள்ளதையும் மென்மையாக்கிவிடும். ‘பாப்பாபிலே’ என்றால் தொட்டில் குழந்தை ஞாபகம் வருகிறது. ஆகவே ‘பப்பாபிலே’ என்று எழுதுகிறேன்: ஒற்று மிகுவதால் வல்லோசை நிற்கிறது, அடுத்து வரும் பி தானாகவே மெலிகிறது, நெடில் அழுத்தத்தைத் தாங்கிக்கொள்கிறது. பன்மை மூலத்தில் ‘பப்பாபிலி’. தமிழில் அதைக் கொண்டுவர வேண்டியதில்லை, ‘பப்பாபிலேக்கள்’ போதும்.

இனிப் பொருள். இதில் இரண்டு அடுக்கு இருக்கிறது, இரண்டையும் குழப்பினால்தான் சிக்கல்.

ஒன்று, சட்டத் தகுதி. திருச்சபைச் சட்டப்படி, திருமுழுக்குப் பெற்று, ஆயராக (பிஷப்பாக) திருநிலைப்படுத்தத்தக்க எந்தக் கத்தோலிக்க ஆணையும் பாப்பரசராகத் தேர்ந்தெடுக்கலாம். கர்தினாலாக இருக்க வேண்டும் என்ற கட்டாயமே இல்லை. அந்தக் கணக்கில் எங்கள் பங்கில் தேவாலய வேலைகளைக் கவனிக்கும் கோயில்பிள்ளைகூட தகுதியுள்ளவர்தான். நடைமுறையில், கர்தினால் அல்லாத ஒருவர் கடைசியாகப் பாப்பரசரானது 1378-ல். பாரி நகரின் பேராயராக இருந்த பர்த்தொலொமேயோ பிரிஞ்ஞானோ, ஆறாம் உர்பானாக ஆனார். அதற்கு முன்னால் 1294-ல் மலைக்குகையில் தவமிருந்த முதியவர் ஒருவரைத் தேர்ந்தெடுத்தார்கள். ஐந்தாம் செலஸ்தீன் என்று பெயர் சூட்டிக்கொண்ட அவர், ஐந்தாறு மாதத்தில் பதவியே வேண்டாம் என்று விலகினார். அவரைத் தேர்தலுக்கு முந்தைய நாள் எவரும் பப்பாபிலே என்று சொல்லியிருக்க மாட்டார்கள்.

இரண்டாவது அடுக்குதான் சொல்லின் உண்மையான வாழ்விடம்: ஊர் பேசும் தகுதி. வாக்களிக்கப் போகும் கர்தினால்களுக்குள்ளேயே, ‘இவர் ஆகலாம்’ என்று ரோமின் உணவு விடுதிகளிலும் பத்திரிகை அலுவலகங்களிலும் தூதரகங்களிலும் யாருடைய பெயர் திரும்பத் திரும்ப வருகிறதோ அவர். எழுதிவைத்த இலக்கணம் இதற்குக் கிடையாது. ஆனால் பேசுகிறவர்கள் சில கணக்குகளைப் போடுவார்கள். வயது முக்கியம்: மிக இளையவரானால் முப்பதாண்டு ஒரே ஆட்சி, மிக முதியவரானால் சீக்கிரமே இன்னொரு தேர்தல். இத்தாலியம் பேசத் தெரிய வேண்டும், ஏனென்றால் அவர் முதலில் ரோமின் ஆயர். மறைமாவட்டம் ஒன்றை நடத்திய அனுபவமும் வேண்டும், வத்திக்கான் அலுவலகங்களின் உள்வழி வெளிவழியும் தெரிந்திருக்க வேண்டும். எந்த நாட்டவர் என்பதும் ஒரு கணக்கு.

சொல் பழையது. 16ஆம் நூற்றாண்டிலேயே புழங்கியிருக்கிறது. அந்த நூற்றாண்டு முடிவதற்குள் பிரெஞ்சும் ஆங்கிலமும் தங்கள் வாய்க்கு ஏற்ப அதை எடுத்துக்கொண்டன. அன்றைக்கு இது வெறும் வம்பளப்பு அல்ல. பாப்பரசர் என்பவர் நடு இத்தாலியின் அரசரும்கூட. அடுத்தவர் ஸ்பெயின் பக்கமா பிரான்ஸ் பக்கமா என்பது போரையும் கடனையும் வரியையும் முடிவு செய்யும். வெனிசின் தூதர்கள் தங்கள் குடியரசுக்கு அனுப்பிய அறிக்கைகளில் கர்தினால்களின் உடல்நலம், கடன், உறவு, கோபதாபம் எல்லாவற்றையும் எடைபோட்டு எழுதினார்கள். ரோமின் வங்கிக்காரர்கள் வீதியில் வெளிப்படையாகப் பந்தயம் பிடித்தார்கள். தொல்லை பொறுக்காமல் 1591 மார்ச்சில் பதினான்காம் கிரகோரி, பாப்பரசர் தேர்தல்மீதும் ஆட்சிக்காலத்தின்மீதும் பந்தயம் கட்டுபவர்களுக்குத் திருச்சபை விலக்கு என்று ஆணையிட்டார். ஒரு மனிதர் எத்தனை நாள் உயிரோடு இருப்பார் என்று அவர் வீட்டு வாசலிலேயே காசு கட்டினால் யாருக்குத்தான் கோபம் வராது.

இந்தச் சொல்லோடு ஒட்டிப் பிறந்ததுபோல ஒரு ரோமானியப் பழமொழி உண்டு: ‘கான்கிளேவுக்குள் பாப்பரசராக நுழைபவர் கர்தினாலாக வெளியே வருவார்.’ கான்கிளேவ் என்பது கர்தினால்கள் அடைபட்டு ஓட்டுப்போடும் அறை. லத்தீனில் ‘சாவியோடு’ என்று பொருள், பூட்டிய கதவைக் குறிக்கும். பழமொழிக்கு ரத்தமும் சதையுமாக ஒரு உதாரணம் வேண்டுமென்றால் ரெஜினால்டு போல் என்ற ஆங்கிலேயக் கர்தினாலைச் சொல்வேன். 1549 நவம்பரில் மூன்றாம் பவுல் இறந்தார். டிசம்பர் தொடக்கத்தில் போல் கிட்டத்தட்ட ஆகிவிட்டார். பாப்பரசருக்கான உடைகள் தயாராகிவிட்டன. பந்தயக்காரர்களும் அவர்பக்கமே சாய்ந்துவிட்டார்கள். இரவோடு இரவாகக் கர்தினால்கள் திரண்டு வணங்கி அவரையே பாப்பரசராக ஏற்றுவிடலாம் என்று ஒரு யோசனை வந்தது. அப்படிச் செய்தால் செல்லும். போல் வேண்டாம் என்றார். விடியட்டும், முறைப்படி ஓட்டு நடக்கட்டும் என்றார். விடிந்து ஓட்டு எண்ணினால் ஓரிரு ஓட்டுக் குறைந்தது. அதற்குள் பிரெஞ்சுக் கர்தினால்கள் வந்து சேர்ந்தார்கள், காற்று மாறியது, கூட்டம் இழுத்துக்கொண்டே போனது. 1550 பிப்ரவரியில் வெளியே வந்தவர் மூன்றாம் ஜூலியஸ். கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை என்பார்களே, அதை இத்தனை அருகில் பார்த்தவர்கள் குறைவு. ஆனாலும் அந்த இரவில் அவர் ‘சரி’ என்று சொல்லியிருந்தால், அவரைப் பப்பாபிலே ஆக்கிய குணமே பொய்யாகியிருக்கும் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

பப்பாபிலேவுக்கு ஒரு மறுபக்கமும் இருந்தது: ‘இவர் ஆகக்கூடாது’. ஸ்பெயின், பிரான்ஸ், ஆஸ்திரியா ஆகிய மூன்று கத்தோலிக்க அரசுகளும் தங்களுக்குப் பிடிக்காத ஒருவரைத் தடுக்கும் உரிமை தமக்கு உண்டென்று சொல்லிவந்தன. 1605-ல் திருச்சபை வரலாற்றறிஞர் பரோனியுஸ் அருகில் வந்தபோது ஸ்பெயின் குறுக்கே நின்றது. சிசிலியில் ஸ்பெயின் மன்னர் கொண்டாடிய திருச்சபை அதிகாரத்தை அவர் தன் நூலில் மறுத்து எழுதியிருந்தார். இந்த வழக்கத்தின் கடைசிக் காட்சி 1903 ஆகஸ்ட் 2. பதின்மூன்றாம் லியோவின் வெளியுறவுப் பொறுப்பில் இருந்த ரம்போல்லாதான் முன்னணியில் இருந்தார். கிராக்கோவ் நகரின் கர்தினால் புசீனா எழுந்து, ஆஸ்திரியப் பேரரசர் பிரான்ஸ் ஜோசப்பின் பெயரால் ரம்போல்லாவுக்குத் தடை என்று வாசித்தார். ரம்போல்லா எழுந்தார். கர்தினால் அவையின் மாண்புக்கு இழைத்த அவமதிப்பு இது என்று கண்டித்தார். தன்னைப் பொறுத்தவரை இதைவிட மகிழ்ச்சியானது எதுவும் நடந்திருக்க முடியாது என்றும் சேர்த்துச் சொன்னார். பப்பாபிலே என்பவர் தோற்கும்போதுகூட எப்படிப் பேச வேண்டும் என்பதற்கு அதுவே பாடம். இரண்டு நாள் கழித்து வெனிசின் சார்த்தோ பத்தாம் பயஸாக ஆனார். அடுத்த ஜனவரியில் அவர் செய்த வேலைகளில் ஒன்று, அந்தத் தடையுரிமையை ஒழித்தது. தன்னைப் பதவிக்குக் கொண்டுவர உதவிய ஏணியை எட்டி உதைத்தவர் என்றும் சொல்லலாம். ஆனால் தடை வருவதற்கு முன்பே அவர் ஓட்டு ஏறத் தொடங்கியிருந்தது.

ஆனால் பழமொழியை வேதவாக்காக எடுத்துக்கொள்ளாதீர்கள். இங்கேதான் பத்திரிகைக்காரர்கள் சறுக்குவார்கள். 1939-ல் பச்செல்லி எல்லாரும் சொன்ன பெயர். கான்கிளேவ் தொடங்கிய மறுநாளே, தன் 63ஆம் பிறந்தநாளன்று, பன்னிரண்டாம் பயஸாக வெளியே வந்தார். 1963-ல் மொந்தீனி எல்லாரும் எதிர்பார்த்தவர், ஆறாம் பவுல் ஆனார். 2005-ல் ராட்சிங்கர் பட்டியலின் தலையில் இருந்தார், பதினாறாம் பெனடிக்ட் ஆனார். என் பத்திரிகைத் தலைப்பில் இருந்த ஐவரில் அவரும் ஒருவர் என்பதால் அந்த வாரம் நான் கொஞ்சம் தலைநிமிர்ந்து நடந்தேன்.

எதிர்ப்பக்கத்தில் ஜெனோவாவின் சீரி. 1958, 1963, 1978-ல் இருமுறை என்று நான்கு கான்கிளேவ்களில் அவர் பெயர் அடிபட்டது. நான்கு முறையும் கர்தினாலாகவே ஊர் திரும்பினார். 1978 அக்டோபரில் சீரிக்கும் பிளாரன்சின் பெனெல்லிக்கும் இழுபறி என்று ஊர் பேசிக்கொண்டிருக்க, மாடத்திலிருந்து ‘வொய்த்தீவா’ என்ற பெயர் ஒலித்தது. அவர்தான் இரண்டாம் யோவான் பவுல். சதுக்கத்தில் பாதிப் பேருக்கு அது எந்த நாட்டுப் பெயர் என்றே புரியவில்லை. 1522-ல் ஆன ஆறாம் ஏட்ரியனுக்குப் பிறகு இத்தாலியர் அல்லாத ஒருவர் வந்தது அன்றுதான்.

2013 மார்ச் 13-ல் நடந்ததைச் சொல்லாமல் இந்தச் சொல்லை விளக்க முடியாது. மிலான் பேராயர் ஸ்கோலாதான் அந்த முறை முதல் பப்பாபிலே. தேர்தல் முடிந்ததற்கு அடையாளமான வெண்புகை வந்தது, பிரான்சிஸ் ஆன பெர்கோலியோவின் பெயரும் அறிவிக்கப்பட்டது. அதற்குப் பிறகும் இத்தாலிய ஆயர் பேரவையின் அலுவலகத்திலிருந்து பத்திரிகைகளுக்கு ஒரு மின்னஞ்சல் போனது: ஸ்கோலா தேர்ந்தெடுக்கப்பட்டதற்கு மகிழ்ச்சி தெரிவித்து! வாழ்த்தை முன்கூட்டியே எழுதி வைத்திருந்திருக்கிறார்கள்.

2025-ல் கதை இன்னும் சுவாரசியம். ஏப்ரல் 21-ல் பிரான்சிஸ் இறந்தார். பரோலின், டாக்லே, ஸுப்பி என்று பட்டியல்கள் நீண்டன. நமக்கு நெருங்கிய பெயர் ஒன்றும் அதில் இருந்தது: கொழும்புப் பேராயர் மால்கம் ரஞ்சித். அவரை 2013-லிருந்தே இத்தாலியப் பத்திரிகைகள் சொல்லிவந்தன. அமெரிக்கர் மட்டும் ஆகமாட்டார், வல்லரசின் கையில் இன்னொரு அதிகாரம் எதற்கு என்பது ரோமின் பழைய கணக்கு. மே 8-ல், நான்காவது ஓட்டில், 133 பேரில் மூன்றில் இரண்டு பங்கான 89-ஐத் தாண்டி வந்தவர் சிகாகோவில் பிறந்த பிரிவோஸ்ட். பதினான்காம் லியோ. சில பட்டியல்களில் அவர் ஓரமாக இருந்தார். ஆனால் பெரு நாட்டில் ஆண்டுக்கணக்கில் உழைத்தவர், ஆயர்களைத் தேர்வு செய்யும் துறையை வத்திக்கானில் நடத்தியவர், இத்தாலியம் சரளம். மேலே சொன்ன கணக்குகளில் நாடு என்ற ஒன்றைத் தவிர எல்லாமே அவருக்குப் பொருந்தியிருந்தது. பப்பாபிலே பட்டியல்கள் தவறவில்லை, அவற்றைப் படித்தவர்கள் ஒற்றைக் கணக்கை மட்டும் பெரிதாகப் போட்டார்கள் என்பேன்.

இத்தாலியில் இந்தச் சொல் இப்போது தேவாலயத்தோடு நிற்பதில்லை. கால்பந்து அணிக்குப் புதுப் பயிற்சியாளர் யார், வங்கிக்கு அடுத்த தலைவர் யார் என்றாலும் ‘பப்பாபிலி’ பட்டியல்தான். பெயரடையாகவும் வரும்: ஒருவர் ‘மிகவும் பப்பாபிலே’, இன்னொருவர் ‘போன வருடத்தைவிடக் குறைவாகப் பப்பாபிலே’. இந்த ஊகம் கட்டும் விளையாட்டுக்கே ‘தொத்தோபாப்பா’ என்று பெயர்; கால்பந்துப் பந்தயச் சீட்டான தொத்தோகால்ச்சோவிலிருந்து வந்தது. அதே நாட்டில் ‘பாப்பரசர் சாகும்போதெல்லாம்’ என்றால் ஆடிக்கொரு தரம் அமாவாசைக்கொரு தரம் என்று அர்த்தம். பப்பாபிலே நம் காதில் அரிதாக விழுவதும் அதே காரணத்தால்தான்.

ஒரு எச்சரிக்கை. பாப்பரசர் உயிரோடு இருக்கும்போது அவருக்குத் தெரியாமல் அடுத்தவரைப் பற்றி ஓட்டு உறுதிமொழி கொடுப்பதோ திட்டம் போடுவதோ கூடாது என்று இரண்டாம் யோவான் பவுல் 1996-ல் வெளியிட்ட தேர்தல் விதிகள் சொல்கின்றன. ஓட்டுக்கு ஒப்பந்தம் போட்டுக்கொண்டால் திருச்சபை விலக்கு. பதவி காலியான பிறகு கருத்துப் பரிமாறிக்கொள்வது மட்டும் தடையில்லை. ஆகையால் ‘கர்தினால் இன்னார் பப்பாபிலே’ என்று எழுதலாம். ‘கர்தினால் இன்னார் களத்தில் குதித்தார்’, ‘ஆதரவு திரட்டுகிறார்’ என்று எழுதினால் அவர்மீது குற்றம் சாட்டுகிறீர்கள் என்றே பொருள்.

சரி, தமிழில் என்னதான் எழுதுவது? பாப்பிறை என்ற பெயரடை நம்மிடம் உண்டு. பாப்பிறைக் குருமடம் என்கிறோம். அதோடு ‘தகுதியர்’ சேர்த்தால் ‘பாப்பிறைத் தகுதியர்’. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் பட்டம்போல ஒலிக்கிறது. ‘தக்கார்’ என்ற சொல் எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஆனால் அதை அறநிலையத்துறை எடுத்துக்கொண்டுவிட்டது. அறங்காவலர் இல்லாத கோயிலுக்கு நியமிக்கப்படுபவர் தக்கார். செய்தியில் ‘ஐந்து தக்கார்கள்’ என்று போட்டால் வாசகர் கோபுரத்தைத்தான் நினைப்பார். நெடுநாள் யோசித்து ‘பாப்பரசராகத் தக்கவர்’ என்று வைத்துக்கொண்டு, அடுத்த முறை அதே சாமியிடம் கொண்டுபோனேன்.

“தக்கவரா? அதைச் சொல்ல நீ யாருப்பா?” என்றார்.

அன்றிலிருந்து ‘பாப்பரசராகக்கூடும் என்று பேசப்படுபவர்’ என்று எழுதுகிறேன். நீளம்தான். ஆனால் விரும்பியவர் என்றும் சொல்லவில்லை, தகுதியை நானே அளந்தேன் என்றும் சொல்லவில்லை. பேசுவது ஊர் என்பது அதிலேயே இருக்கிறது. கட்டுரையில் முதல் தடவை இப்படி விரித்து எழுதிவிட்டு, பிறகு பப்பாபிலே என்றே போட்டுக்கொண்டு போகலாம். கைப்பேசியில் தட்டுகிறீர்களானால் அனுப்பும் முன் ஒருமுறை பார்த்துவிடுங்கள். என் கைப்பேசி அதைப் பப்பாளி என்று திருத்திவிடுகிறது.